சீட்டைக் கொண்டுபோனால் அரிசி வராது: இணையமில்லாத கணினிகளில் ஃபிரேம்வொர்க் நிறுவுதல்

கணினி ஆய்வகத்தைப் பராமரிக்கிறவர்களுக்கு இந்தக் காட்சி பழக்கமானது. மறுநாள் செய்முறைத் தேர்வு. நாற்பது கணினிகள். அறையில் இணையம் கிடையாது, இருந்தாலும் வேலைக்கு ஆகாத வேகம். மென்பொருளைத் திறந்தால் ‘டாட்நெட் ஃபிரேம்வொர்க் 3.5 தேவை’ என்று ஒரு பெட்டி வந்து நிற்கிறது. “அதுக்கென்ன சார், வீட்ல டவுன்லோடு பண்ணி பென்டிரைவ்ல எடுத்துட்டு வந்துடறேன்” என்று யாராவது சொல்வார்கள். சொன்னபடி எடுத்தும் வருவார்கள். முதல் கணினியில் செருகி ஓடவிட்டால் அந்த செட்டப் இணையத்தைத் தேடும், கிடைக்காமல் நின்றுவிடும்.

அப்புறம் ஆளாளுக்கு ஒரு யோசனை வரும். வேலை செய்கிற கணினியிலிருந்து ஃபோல்டரைக் காப்பி பண்ணு. 4.8 போட்டால் போதும், அதுதான் புதுசு. விண்டோஸையே மறுபடி போட்டுவிடு. மூன்றும் நல்ல எண்ணத்தில் சொல்லப்படுபவை, மூன்றும் ஒரு முழு நாளை விழுங்கக்கூடியவை. ஃபிரேம்வொர்க் என்றால் என்ன, செட்டப் ஃபைல் என்ன செய்கிறது, விண்டோஸ் எதை எங்கே வைத்திருக்கிறது என்ற மூன்றும் புரிந்தால் இந்தக் குழப்பம் தீரும். மைக்ரோசாஃப்டின் டாட்நெட் ஃபிரேம்வொர்க்கை எடுத்துக்காட்டாக வைத்து, அடியிலிருந்து சொல்கிறேன்.

ஊர்ப் பொதுப் பாத்திரம்

கிராமங்களில் கல்யாணத்துக்குத் தேவையான பெரிய அண்டா, குண்டா, கரண்டி எல்லாம் கோயிலிலோ சமுதாயக் கூடத்திலோ பொதுவாக இருக்கும். ஒவ்வொரு வீட்டுக்காரரும் நூறு படி வடிக்கும் அண்டாவைச் சொந்தமாக வாங்கி வைப்பதில்லை. விசேஷம் வந்தால் எடுத்துப் பயன்படுத்துவார்கள். சமையல்காரர் தன் கைத்திறனோடு மட்டும் வருவார், பாத்திரம் ஊரில் இருக்கும் என்று நம்பி.

ஃபிரேம்வொர்க் என்பது அந்தப் பொதுப் பாத்திரம்தான். திரையில் ஜன்னல் வரைவது, ஃபைலைத் திறப்பது, தேதியைக் கணக்கிடுவது, தரவுத்தளத்தோடு பேசுவது போன்ற வேலைகளுக்கு ஒவ்வொரு நிரலாளரும் தனித்தனியாக நிரல் எழுத வேண்டியதில்லை. அவற்றை ஒருமுறை எழுதித் தொகுத்துக் கணினியில் பொதுவாக வைத்திருக்கிறார்கள். உங்கள் பில்லிங் மென்பொருளோ வருகைப்பதிவு மென்பொருளோ அந்தத் தொகுப்பை நம்பி எழுதப்பட்டது. அதனால்தான் மென்பொருள் சில எம்பி அளவில் சின்னதாக இருக்கிறது. பாத்திரம் ஊரில் இல்லையென்றால் சமையல்காரர் எவ்வளவு கெட்டிக்காரராக இருந்தும் பயனில்லை.

டாட்நெட் ஃபிரேம்வொர்க் 2002இல் வந்தது. 2.0 பதிப்பு 2005இல், 3.5 பதிப்பு 2007இல், 4.0 பதிப்பு 2010இல், 4.8 பதிப்பு 2019இல். இந்த வரிசையைப் பார்த்தால் பெரிய எண் சின்ன எண்ணை உள்ளடக்கும் என்றுதான் தோன்றும். பெரும்பாலானவர்கள் இந்த இடத்தில்தான் சறுக்குகிறார்கள்.

4.8 இருக்கும்போது 3.5 எதற்கு?

ஏனென்றால் இவை இரண்டு தனிக் குடும்பங்கள். 2.0, 3.0, 3.5 மூன்றும் ஒரு குடும்பம். 3.5ஐ நிறுவினால் 2.0, 3.0 இரண்டும் கூடவே வந்துவிடும். 4.0 முதல் 4.8.1 வரை இன்னொரு குடும்பம். அதற்குள் புதியது பழையதன் மேலேயே அமர்ந்து அதன் இடத்தை எடுத்துக்கொள்ளும். 4.5 இருக்கும் கணினியில் 4.8 நிறுவினால் மிஞ்சுவது 4.8 மட்டும்.

ஆனால் ஒரு குடும்பம் இன்னொன்றின் இடத்தை எடுத்துக்கொள்ளாது. வெண்கல உருளியில்தான் பாயசம் வைப்பேன் என்று சொல்லும் சமையல்காரரிடம் பெரிய அலுமினிய அண்டாவைக் காட்டிப் பயனில்லை அல்லவா? 3.5க்காக எழுதப்பட்ட மென்பொருளும் பெரும்பாலும் அப்படித்தான். 4.8 ஏற்கனவே இருந்தாலும் 3.5 வேண்டும் என்றே கேட்கும். இரண்டும் ஒரே கணினியில் அருகருகே சண்டையில்லாமல் இருக்கும். ஒன்றுக்காக இன்னொன்றை நீக்க வேண்டியதில்லை.

பெயரில் இன்னொரு குழப்பமும் உண்டு. ‘டாட்நெட் ஃபிரேம்வொர்க்’ வேறு, ‘டாட்நெட் 6’, ‘டாட்நெட் 8’ என்று வருபவை வேறு. பின்னவை 2016இல் ‘டாட்நெட் கோர்’ என்ற பெயரில் தொடங்கி, 2020இல் ‘டாட்நெட் 5’ ஆனபோது ‘கோர்’ என்ற சொல்லை விட்டுவிட்ட மூன்றாவது குடும்பம். எட்டு, நான்கைவிடப் பெரிய எண்தான். ஆனாலும் டாட்நெட் 8ஐ நிறுவிவிட்டு, ஃபிரேம்வொர்க் 4.8 கேட்கும் மென்பொருளை ஓட்ட முடியாது.

ஆக, எதையும் தரவிறக்கும் முன் பிழைச் செய்தியில் இருக்கும் பெயரையும் எண்ணையும் அப்படியே எழுதிக்கொள்ளுங்கள். அது எந்தக் குடும்பம் என்று தெரிந்தால் பாதிக் கிணறு தாண்டியாயிற்று.

சீட்டும் மூட்டையும்

ரேஷன் கடை டோக்கனைக் கையில் வைத்திருப்பதும் அரிசி மூட்டையைத் தோளில் வைத்திருப்பதும் ஒன்றல்ல. டோக்கன் சின்னது, சட்டைப் பையில் அடங்கும். ஆனால் கடை திறந்திருந்தால்தான் அதற்கு மதிப்பு.

செட்டப் ஃபைல்களிலும் இந்த இரண்டு வகை உண்டு. முதல் வகைக்கு ‘வெப் இன்ஸ்டாலர்’ என்று பெயர். அதற்குள் ஃபிரேம்வொர்க் இல்லை. கணினியைப் பார்த்து, தேவையானதை மைக்ரோசாஃப்டின் சர்வரிலிருந்து இறக்கிக்கொள்ளும் சின்ன நிரல் மட்டுமே இருக்கிறது. இரண்டாவது ‘ஆஃப்லைன் இன்ஸ்டாலர்’. எல்லாச் சரக்கும் அதற்குள்ளேயே இருக்கும். 4.8 பதிப்பில் வெப் இன்ஸ்டாலர் இரண்டு எம்பிகூட இருக்காது. ஆஃப்லைன் இன்ஸ்டாலர் 110 எம்பிக்கு மேல். தரவிறக்கும் பக்கத்தில் இரண்டும் அருகருகே இருக்கும். அவசரத்தில் சின்னதை எடுத்துக்கொண்டு, “இவ்வளவு சீக்கிரம் இறங்கிடுச்சே” என்று மகிழ்ந்தால் அது டோக்கன்தான்.

பெயரைப் படிக்கவே நேரமில்லையென்றாலும் அளவைப் பாருங்கள். ஃபிரேம்வொர்க் போன்ற பெரிய பொருள் ஒன்றிரண்டு எம்பிக்குள் அடங்காது.

4.x குடும்பத்துக்கு இவ்வளவுதான். முழு மூட்டையை எடுத்துப்போனால் பெரும்பாலும் வேலை முடிந்துவிடும். 3.5இன் கதை வேறு. இந்தக் கட்டுரையை எழுத வைத்ததே அதுதான்.

3.5 ஏன் அடம்பிடிக்கிறது?

விண்டோஸ் 7இல் 3.5.1 கணினியோடேயே வந்தது. யாரும் அதைப் பற்றி யோசிக்க வேண்டியிருக்கவில்லை. 2012இல் வந்த விண்டோஸ் 8 முதல் மைக்ரோசாஃப்ட் ஒரு மாற்றம் செய்தது. எல்லோருக்கும் தேவைப்படாத பகுதிகளை வட்டில் வைத்து இடத்தை அடைப்பானேன் என்று, அவற்றின் பெயரை மட்டும் பட்டியலில் வைத்துவிட்டுச் சரக்கை வெளியே எடுத்துவிட்டார்கள். கேட்டால் வரும் பகுதி என்ற பொருளில் இதை ‘ஃபீச்சர் ஆன் டிமாண்ட்’ என்கிறார்கள். விண்டோஸ் 10இல் கண்ட்ரோல் பேனலுக்குப் போய், ‘விண்டோஸ் ஃபீச்சர்ஸ்’ பட்டியலைத் திறந்தால் 3.5 அங்கே இருக்கும். டிக் செய்தால் போதும் என்று தோன்றும். ஆனால் அந்தக் கட்டத்துக்குப் பின்னால் சரக்கு இல்லை. டிக் செய்ததும் விண்டோஸ் அப்டேட்டிலிருந்து இறக்க முயலும். இணையம் இல்லாவிட்டால் பிழை.

அந்தப் பிழை எண்களைப் படிக்கத் தெரிந்தால் மருத்துவர் நாடி பார்ப்பதுபோல உதவும். 0906 என்று முடிந்தால், இறக்க முயன்று முடியவில்லை என்று பொருள். 081எஃப் என்று முடிந்தால், சரக்கு இருக்கும் இடமே கிடைக்கவில்லை என்று பொருள். இணையம் இருக்கும் அலுவலகத்திலும் இவை வருவதுண்டு. அங்கே கணினிகள் நேரடியாக மைக்ரோசாஃப்டிடம் போகாமல், அலுவலகத்தின் சொந்த அப்டேட் சர்வரிடம் கேட்கும்படி அமைத்திருப்பார்கள். அந்தச் சர்வரிடம் 3.5 இல்லாவிட்டால் இணையம் எவ்வளவு வேகமாக இருந்தும் வராது.

நல்ல செய்தி என்னவென்றால், சரக்கு நம் கையிலேயே இருக்கிறது. விண்டோஸ் நிறுவப் பயன்படுத்தும் டிவிடி, பென்டிரைவ், அல்லது ஐஎஸ்ஓ ஃபைலைத் (முழு டிவிடியையும் ஒரே ஃபைலாக வைத்த பிரதி) திறந்து பாருங்கள். ‘சோர்சஸ்’ என்ற ஃபோல்டருக்குள் ‘எஸ்எக்ஸ்எஸ்’ என்று ஒரு ஃபோல்டர் இருக்கும். அதற்குள், பெயரில் ‘நெட்எஃப்எக்ஸ்3’ என்று வரும் ஃபைல்தான் 3.5. அளவு சுமார் 70 எம்பி. அந்த ‘எஸ்எக்ஸ்எஸ்’ ஃபோல்டரை மட்டும் எடுத்துப்போனால் போதும். ஐந்தாறு ஜிபி இருக்கும் முழு விண்டோஸையும் தூக்கிக்கொண்டு போக வேண்டியதில்லை. விண்டோஸையே மறுபடி நிறுவுவதும் வீண் வேலை, அப்படி நிறுவினாலும் அந்தக் கட்டம் பழையபடி வெறுமையாகவே இருக்கும்.

சரக்கு இங்கே இருக்கிறது என்று விண்டோஸிடம் சொல்வது ‘டிஸ்ம்’ என்ற கருவி. விண்டோஸோடேயே வருவது, தனியாக வாங்கவோ இறக்கவோ வேண்டாம். கமாண்ட் ப்ராம்ப்ட்டை ‘ரன் ஆஸ் அட்மினிஸ்ட்ரேட்டர்’ கொடுத்துத் திறந்து அதற்குக் கட்டளை தருகிறோம். கட்டளையை மனப்பாடம் செய்வதைவிட, அதன் ஒவ்வொரு துண்டும் என்ன சொல்கிறது என்று தெரிந்துகொள்வது நல்லது. ஒரு துண்டு, ‘ஒரு ஃபீச்சரை இயக்கு’ என்கிறது. அடுத்தது ஃபீச்சரின் பெயர், நெட்எஃப்எக்ஸ்3. ‘ஆல்’ என்பது, இது சார்ந்திருக்கும் மேல்நிலைப் பகுதிகளையும் சேர்த்து இயக்கு என்பதற்கு. ‘சோர்ஸ்’ என்பதன் பின்னால் எஸ்எக்ஸ்எஸ் ஃபோல்டர் இருக்கும் பாதை. கடைசியாக ‘லிமிட் ஆக்சஸ்’ என்றால், நான் காட்டிய இடத்தில் மட்டும் பார், விண்டோஸ் அப்டேட்டைத் தேடிப் போகாதே என்று பொருள். இன்னொரு துண்டும் இருக்கிறது. அதன் பெயர் ‘ஆன்லைன்’.

‘ஆன்லைன்’ என்றால் இணையம் இல்லை

ஆஃப்லைனில் நிறுவ ‘ஆன்லைன்’ என்று ஏன் எழுத வேண்டும்? கட்டளையைப் பார்த்ததுமே பலர் கேட்கும் கேள்வி இது. சிலர் அந்தச் சொல்லை நீக்கிவிட்டு ஓட்டிப்பார்த்து, வராததால் குழம்பியும் போகிறார்கள்.

டிஸ்மின் அகராதியில் ‘ஆன்லைன்’ என்றால் இப்போது ஓடிக்கொண்டிருக்கும் விண்டோஸ். ‘ஆஃப்லைன்’ என்றால் தூங்கிக்கொண்டிருக்கும் விண்டோஸ், அதாவது இன்னும் எந்தக் கணினியிலும் பூட் ஆகாமல் ஒரு ஃபைலுக்குள் இருக்கும் விண்டோஸின் பிரதி. ஓடும் பஸ்ஸில் பழுது பார்ப்பதா, பணிமனையில் நிற்கும் பஸ்ஸில் பார்ப்பதா என்பதுதான் வேறுபாடு. இணையத்துக்கும் இதற்கும் தொடர்பே இல்லை.

அதனால் ‘ஆஃப்லைன்’ என்ற ஒரே சொல் இரண்டு இடத்தில் இரண்டு பொருளில் வருகிறது. ஆஃப்லைன் இன்ஸ்டாலர் என்னும்போது இணையம் வேண்டாம் என்று பொருள். டிஸ்ம் ஆஃப்லைன் என்னும்போது ஓடாத விண்டோஸ் என்று பொருள். இதை மட்டும் பிரித்து வைத்துக்கொண்டால் டிஸ்ம் பற்றி எங்கே படித்தாலும் குழப்பம் வராது.

பொருத்தமான வருடத்தின் சரக்கு

எஸ்எக்ஸ்எஸ் ஃபோல்டரைக் கையில் வைத்துக்கொண்டும் தோற்கிறவர்கள் உண்டு. 081எஃப் பிழையே மறுபடி வரும். பாதையைச் சரியாகத்தான் கொடுத்திருப்பார்கள், ஆனால் சரக்கு வேறு விண்டோஸுக்கானது.

விண்டோஸ் 10 என்பது ஒரே பொருள் அல்ல. 1809, 1909, 22எச்2 என்று பல வெளியீடுகள் உண்டு. ஒரே நிறுவனத்தின் மிக்ஸியாக இருந்தாலும் மாடல் மாறினால் ஜார் பொருந்தாது. அதுபோல 1809இன் எஸ்எக்ஸ்எஸ் 1909இல் ஏறாது. கணினியில் ரன் பெட்டியைத் திறந்து ‘வின்வெர்’ என்று அடித்தால் வெளியீட்டு எண் தெரியும். அதே வெளியீட்டின் ஐஎஸ்ஓவிலிருந்து எடுத்த ஃபோல்டரைத்தான் கொடுக்க வேண்டும். இதிலும் ஒரு சலுகை உண்டு. விண்டோஸ் 10இல் ‘2004’ (இது வருடமல்ல, வெளியீட்டு எண்) முதல் 22எச்2 வரையிலான வெளியீடுகள் ஒரே அடித்தளத்தின் மேல் நிற்பவை, அவற்றுக்குள் ஒன்றின் சரக்கு மற்றதற்கு ஆகும். விண்டோஸ் 11இல் 22எச்2, 23எச்2 இரண்டும் அப்படி. 24எச்2 தனி.

நாற்பது கணினிகளும் ஒரே மாதிரி இருக்கும் என்று நம்பவும் கூடாது. ஒரே நாளில் வாங்கியவைதான், ஆனால் நடுவில் சிலவற்றுக்கு யாரோ மொபைல் ஹாட்ஸ்பாட் கொடுத்து அப்டேட் செய்திருப்பார்கள், சிலவற்றை டெக்னீஷியன் வந்து மாற்றி நிறுவியிருப்பார். ஒரு தாளை எடுத்துக்கொண்டு வரிசையாகப் போய் வின்வெர் எண்ணைக் குறித்துவர அரை மணி நேரம்கூட ஆகாது. அந்த அரை மணி நேரத்தைச் செலவழித்ததற்காக நான் ஒருநாளும் வருந்தியதில்லை. செலவழிக்காத நாட்களில் வருந்தியிருக்கிறேன்.

இதுவரை பார்த்தவற்றின் சாரம்: எந்தக் குடும்பம் என்று பாருங்கள். 4.x என்றால் ஆஃப்லைன் இன்ஸ்டாலர். 3.5 என்றால் அதே வெளியீட்டின் எஸ்எக்ஸ்எஸ் ஃபோல்டரும் டிஸ்மும்.

ஃபோல்டரை அப்படியே காப்பி செய்தால் என்ன?

டாட்நெட் ஃபைல்கள் விண்டோஸ் ஃபோல்டருக்குள் கண்ணுக்குத் தெரியும்படிதான் இருக்கின்றன. வேலை செய்யும் கணினியிலிருந்து அதை எடுத்து வேலை செய்யாத கணினியில் ஒட்டிவிடலாமே என்று தோன்றுவது இயல்பு.

ஆனால் நிறுவுவது என்பது ஃபைலை வைப்பது மட்டுமல்ல. வீட்டில் குடியேறிவிட்டால் மட்டும் பட்டா நம் பெயருக்கு வந்துவிடுமா? பதிவு நடக்க வேண்டும். விண்டோஸில் அந்தப் பதிவேட்டுக்கு ரெஜிஸ்ட்ரி என்று பெயர், எது நிறுவப்பட்டிருக்கிறது, எந்தப் பதிப்பு, எங்கே இருக்கிறது என்ற விவரங்கள் அங்கே எழுதப்படும். மென்பொருள் 3.5 இருக்கிறதா என்று பார்க்கும்போது முதலில் புரட்டுவது இந்தப் பதிவேட்டைத்தான். இதைத் தவிர, விண்டோஸ் தன் பாகங்களுக்கென்று தனிக் கிடங்கும் அதற்கொரு கணக்கும் வைத்திருக்கிறது. நிறுவும்போது அந்தக் கணக்கும் திருத்தப்படுகிறது. வெறும் காப்பியில் இவை எதுவும் நடப்பதில்லை. நாளைக்கு அப்டேட் வரும்போது கணக்கில் இல்லாத ஃபைல்களால் வேறு சிக்கலும் சேரும்.

இணையத்தில் தனித்தனி டிஎல்எல் ஃபைல்களை, அதாவது மென்பொருள்கள் பொதுவாகப் பயன்படுத்தும் நிரல் துண்டுகளைத் தரும் தளங்களிலிருந்து எடுப்பது இதைவிட மோசம். அங்கே கிடைப்பது யார் கைபட்டு வந்தது என்று தெரியாது. தயவுசெய்து செய்யாதீர்கள்.

மாதிரிக் கையொப்பம்

இப்போது ஒரு வினோதமான தோல்வி. முழு மூட்டையான ஆஃப்லைன் இன்ஸ்டாலரையே எடுத்துப்போயிருக்கிறீர்கள். பழைய விண்டோஸ் 7 கணினி, சர்வீஸ் பேக் 1 இருக்கிறது. இருந்தும் ‘சான்றிதழ்ச் சங்கிலியை அமைக்க முடியவில்லை’ என்ற பொருளில் ஒரு பிழை வந்து நிறுவல் நிற்கிறது. ஃபைல் கெட்டுப்போய்விட்டது என்று நினைத்து மறுபடி தரவிறக்குவார்கள். அதே பிழை.

வங்கியில் காசோலை கொடுத்தால் அலுவலர் அதிலுள்ள கையொப்பத்தைத் தன்னிடமுள்ள மாதிரிக் கையொப்பத்தோடு ஒப்பிடுவார். சங்கத்துக்குப் புதிய செயலாளர் வந்து, அவருடைய மாதிரிக் கையொப்பம் அந்தக் கிளைக்கு இன்னும் வந்து சேரவில்லை என்றால், காசோலை உண்மையானதாக இருந்தும் திரும்பிவிடும். மைக்ரோசாஃப்ட் தன் இன்ஸ்டாலர்களில் டிஜிட்டல் கையொப்பம் இடுகிறது. அதைச் சரிபார்க்கக் கணினியில் ஒரு மூலச் சான்றிதழ் இருக்க வேண்டும். அதுதான் மாதிரிக் கையொப்பம். புதிய இன்ஸ்டாலர்களின் கையொப்பம் மைக்ரோசாஃப்டின் 2011 மூலச் சான்றிதழை நம்பியிருக்கிறது. இணையம் உள்ள கணினிக்கு அது தானாக வந்து சேர்ந்துவிடும். பல வருடங்களாக இணையத்தையே பார்க்காத விண்டோஸ் 7 கணினிக்கு வந்திருக்காது. அந்தச் சான்றிதழ் ஃபைலை மைக்ரோசாஃப்டின் தளத்திலிருந்து எடுத்துப்போய், கணினியின் நம்பிக்கைக்குரிய மூலச் சான்றிதழ்ப் பட்டியலில் முதலில் சேர்த்துவிட்டால் அதே இன்ஸ்டாலர் ஓடும்.

இன்ஸ்டாலருக்குத் தேவையான சரக்கு உள்ளே இருக்கலாம். அது நிற்கும் தரையும் தயாராக இருக்க வேண்டும்.

ஒன்றிலிருந்து நாற்பதுக்கு

சரி, ஒரு கணினியில் வேலை செய்தது. நாற்பதிலும் செய்ய வேண்டும். அதற்கு முன் ஒரு சோதனை.

உங்கள் லேப்டாப்பில் வேலை செய்ததை வைத்து முடிவு செய்யாதீர்கள். அது இணையத்தோடு இணைந்திருக்கும், விடுபட்டது எதையாவது உங்களுக்குத் தெரியாமல் அதுவே இறக்கிக்கொண்டிருக்கும். ஆய்வகத்தில் உள்ளவற்றிலேயே பழையது ஒன்றைத் தேர்ந்தெடுத்து, நெட்வொர்க் கேபிளைப் பிடுங்கி, வைஃபையையும் அணைத்துவிட்டு நிறுவிப் பாருங்கள். அங்கே வேலை செய்தால்தான் உங்கள் பென்டிரைவில் எல்லாம் இருக்கிறது என்று அர்த்தம்.

பத்துக் கணினிகள் வரை என்றால் பென்டிரைவோடு நடந்துபோவதே எளிது. கட்டளையை ஒவ்வொரு முறையும் தட்டச்சு செய்யாமல் ஒரு பேட்ச் ஃபைலில் எழுதிவைத்துக்கொள்ளலாம். கட்டளைகளை வரிசையாக எழுதி, ஒரே சொடுக்கில் ஓடும்படி வைத்த உரைக் கோப்புக்குத்தான் பேட்ச் ஃபைல் என்று பெயர். ஒரு கணினியில் பென்டிரைவ் டி டிரைவாகவும் இன்னொன்றில் எஃப் டிரைவாகவும் வரும் என்பதை மறந்துவிடக் கூடாது. முதலில் எஸ்எக்ஸ்எஸ் ஃபோல்டரை சி டிரைவுக்குக் காப்பி செய்துவிட்டு, அங்கிருந்து நிறுவினால் இந்தத் தொல்லை இல்லை.

அதற்கு மேல் போனால் உள் நெட்வொர்க்கைப் பயன்படுத்துவது நல்லது. வெளி இணையம் இல்லாத ஆய்வகத்திலும் கணினிகளைத் தங்களுக்குள் இணைக்கும் ஸ்விட்ச் ஒன்று இருக்கும். ஒரு கணினியில் சரக்கை ‘ஷேர்டு ஃபோல்டர்’ ஆக வைத்தால் மற்றவை அங்கிருந்து எடுத்துக்கொள்ளும். 110 எம்பி இன்ஸ்டாலர் நாற்பது கணினிகளுக்குப் போக வேண்டுமென்றால் மொத்தம் 4,400 எம்பி. நொடிக்கு 100 மெகாபிட் வேகமுள்ள பழைய ஸ்விட்ச் அதிகபட்சம் நொடிக்கு 12.5 எம்பி கொடுக்கும். எல்லாம் ஒழுங்காக நடந்தாலும் ஆறு நிமிடத்துக்குச் சற்றுக் குறைவு. நடைமுறையில் கூடுதலாகவே ஆகும், ஆனாலும் ஒரு டீ குடித்துவிட்டு வரும் நேரம்தான்.

இங்கே ஒரு பள்ளம் இருக்கிறது. ஷேர்டு ஃபோல்டரை ‘இசட் டிரைவ்’ என்று மேப் செய்து வைத்திருப்பீர்கள். ஃபைல் எக்ஸ்புளோரரில் தெரியும். ஆனால் அட்மினிஸ்ட்ரேட்டராகத் திறந்த கமாண்ட் ப்ராம்ப்ட் அப்படி ஒரு டிரைவே இல்லை என்று சொல்லும். அட்மினிஸ்ட்ரேட்டராக ஓடும்போது விண்டோஸ் அதை வேறொரு லாகினாக எடுத்துக்கொள்கிறது. நீங்கள் மேப் செய்தது அந்த லாகினுக்குத் தெரியாது. டிரைவ் எழுத்தை விட்டுவிட்டு, கணினியின் பெயரோடு தொடங்கும் முழு நெட்வொர்க் பாதையைக் கொடுக்க வேண்டும்.

டொமைன் உள்ள அலுவலகங்களில், அதாவது எல்லாக் கணினிகளும் ஒரே சர்வரின் கட்டுப்பாட்டில் இருக்கும் இடங்களில், அந்தச் சர்வரிலிருந்தே எல்லாக் கணினிகளுக்கும் அமைப்புகளை அனுப்பும் ‘குரூப் பாலிசி’ மூலம் பேட்ச் ஃபைலை ஸ்டார்ட்அப் ஸ்கிரிப்டாக வைக்கலாம். கணினி இயங்கத் தொடங்கும்போதே, யாரும் லாகின் செய்யும் முன்பே, அது தானாக ஓடும். யாரும் லாகின் செய்யாத நேரத்தில் ஷேர்டு ஃபோல்டரைத் தட்டுவது மனிதரின் கணக்கு அல்ல, கணினியின் சொந்தக் கணக்கு. அதனால் ஃபோல்டரைப் படிக்கும் அனுமதியைப் பயனர்களுக்கு மட்டும் கொடுத்தால் போதாது, ‘டொமைன் கம்ப்யூட்டர்ஸ்’ என்ற குழுவுக்கும் கொடுக்க வேண்டும். இது தெரியாமல் இரண்டு நாள் தேடியவன் என்ற முறையில் அழுத்திச் சொல்கிறேன்.

யாரும் முன்னால் உட்கார்ந்து ‘நெக்ஸ்ட்’ அழுத்தப்போவதில்லை என்பதால் இன்ஸ்டாலர் கேள்வி கேட்காமல் ஓட வேண்டும். 4.8 இன்ஸ்டாலரோடு ‘க்யூ’ என்ற துண்டைச் சேர்த்தால் அமைதியாக ஓடும், ‘நோரீஸ்டார்ட்’ சேர்த்தால் தானாக ரீஸ்டார்ட் ஆகாது. முடிந்ததும் ஒரு எண்ணைத் திருப்பித் தரும். 0 என்றால் வெற்றி. 3010 என்றாலும் வெற்றிதான், ரீஸ்டார்ட் செய்தால் முழுமையாகும் என்று சொல்கிறது. 3010ஐத் தோல்வி என்று நினைத்து மறுபடி மறுபடி நிறுவிக்கொண்டிருப்பவர்களைப் பார்த்திருக்கிறேன்.

ஆய்வகத்தைப் புதிதாக அமைக்கப்போகிறீர்கள் என்றால் இன்னும் நல்ல வழி உண்டு. முன்பு சொன்ன தூங்கும் விண்டோஸ் பிரதிக்குள்ளேயே டிஸ்ம் கொண்டு 3.5ஐச் சேர்த்துவிட்டு, அந்தப் பிரதியை எல்லாக் கணினிகளிலும் நிறுவலாம். பிறகு தனியாக எதுவும் செய்ய வேண்டியதில்லை.

ஆய்வகத்துக்கே உரிய இரண்டு எச்சரிக்கைகள்

பல ஆய்வகங்களில் டீப் ஃபிரீஸ் போன்ற மென்பொருள் இருக்கும். மாணவர்கள் எதை மாற்றினாலும், ரீஸ்டார்ட் செய்ததும் கணினியைப் பழைய நிலைக்குக் கொண்டுவந்துவிடும். நீங்கள் நிறுவிய ஃபிரேம்வொர்க்கும் அதன் கண்ணுக்கு ஒரு மாற்றம்தான். முதலில் அதை உறைநீக்கிய நிலைக்கு மாற்றிவிட்டு, நிறுவி, ரீஸ்டார்ட் செய்து, சரிபார்த்து, அதன் பிறகே மறுபடி உறையவைக்க வேண்டும்.

இரண்டாவது, பென்டிரைவ். இணையம் இல்லாத கணினிக்கு வைரஸ் வராது என்ற நம்பிக்கை பரவலாக இருக்கிறது. ஈரானின் நதான்ஸ் அணு நிலையத்தைத் தாக்கிய ஸ்டக்ஸ்நெட் 2010இல் வெளிச்சத்துக்கு வந்தபோது, அது யூஎஸ்பி டிரைவ்கள் வழியாகவும் பரவக்கூடியது என்று தெரிந்தது. நம் ஆய்வகத்தை யாரும் அப்படிக் குறிவைக்க மாட்டார்கள். ஆனால் நாற்பது கணினிகளில் மாறி மாறிச் செருகப்படும் ஒரே பென்டிரைவ், ஒன்றில் இருக்கும் வைரஸை மற்ற எல்லாவற்றுக்கும் கொண்டுபோய்ச் சேர்க்கும். இந்த வேலைக்கென்று தனியாக ஒரு பென்டிரைவ் வையுங்கள். எழுத முடியாதபடி பூட்டும் சின்ன ஸ்விட்ச் உள்ளது கிடைத்தால் இன்னும் நல்லது.

மற்ற ஃபிரேம்வொர்க்குகள்

விஷுவல் சி++ ரீடிஸ்ட்ரிபியூட்டபிள் என்பதும், சி++ மொழியில் எழுதிய மென்பொருள்களுக்கு, இப்படி ஒரு பொதுப் பாத்திரம்தான். அதன் 2015, 2017, 2019, 2022 பதிப்புகள் நான்குக்கும் ஒரே தொகுப்பு போதும். ஆனால் 32 பிட், 64 பிட் இரண்டும் தனித்தனி. 64 பிட் விண்டோஸாக இருந்தாலும், ஓடப்போவது 32 பிட் மென்பொருள் என்றால் 32 பிட் தொகுப்பு வேண்டும். இரண்டையும் நிறுவிவிடுவது நிம்மதி. பைத்தானில் ‘பிப்’ கருவியைக் கொண்டு, இணையமுள்ள கணினியில் தொகுப்புகளை ஒரு ஃபோல்டரில் இறக்கி வைத்து, மற்ற கணினியில் அந்த ஃபோல்டரிலிருந்து மட்டும் நிறுவும்படி சொல்லலாம். இரண்டு கணினிகளிலும் பைத்தான் பதிப்பும் இயங்குதளமும் ஒன்றாக இருந்தால் தொல்லையில்லை.

நிறுவியாயிற்று என்று எப்படித் தெரியும்?

பிழை வரவில்லை என்பதை மட்டும் நம்ப வேண்டாம். 3.5க்கு விண்டோஸ் ஃபீச்சர்ஸ் பட்டியலில் அந்தக் கட்டம் நிரம்பியிருக்கிறதா என்று பாருங்கள். 4.x குடும்பத்துக்கு ரெஜிஸ்ட்ரியில் ‘ரிலீஸ்’ என்று ஒரு எண் இருக்கும், அது 528040 அல்லது அதற்கு மேல் என்றால் 4.8 அல்லது அதற்குப் பிந்தையது இருக்கிறது. பேட்ச் ஃபைலின் கடைசியில் ஒரு வரி சேர்த்து, ஒவ்வொரு கணினியும் தன் பெயரையும் கிடைத்த முடிவு எண்ணையும் பொது ஃபோல்டரில் ஓர் உரைக் கோப்பில் எழுதும்படி செய்யலாம். அந்த ஃபோல்டரில் மட்டும் எழுதும் அனுமதி தர வேண்டியிருக்கும். சாயங்காலம் அந்தக் கோப்பைத் திறந்து எண்ணினால் நாற்பதில் எத்தனை முடிந்தது, எந்தக் கணினிக்கு மறுபடி போக வேண்டும் என்று தெரிந்துவிடும்.

எல்லாம் முடிந்ததும் அந்தப் பென்டிரைவில் ஒரு சின்னத் தாளை ஒட்டி, எந்த விண்டோஸ் வெளியீட்டின் எஸ்எக்ஸ்எஸ் உள்ளே இருக்கிறது என்பதையும் எடுத்த தேதியையும் எழுதிவையுங்கள். அடுத்த வருடம் அதே அலமாரியைத் திறப்பது நீங்களாக இல்லாமல் வேறொருவராக இருக்கலாம்.